ரோசியின் உடுப்பும் டேனியலின் திரையும்

மலையாளத் திரைத்துறையில் வாழ்நாள் சாதனை புரிந்தவர்களுக்குக் கேரள அரசு ஆண்டுதோறும் வழங்கும் மிக உயர்ந்த விருதுக்கு ஜே.சி.டேனியல் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது. 1992 முதல் இந்த விருது வழங்கப்படுகிறது. மலையாள சினிமாவின் தந்தை என்று இன்று அவரைக் கொண்டாடுகிறார்கள். அந்த டேனியல் நம் குமரி மாவட்டத்துக்காரர். அகஸ்தீஸ்வரத்தில் பிறந்து, 1975-ல் அதே ஊரில் வறுமையோடு கண்மூடியவர். அவருடைய ஒரே படத்தில் நாயகியாக நடித்த தலித் பெண் பி.கே.ரோசியும் நம் மாவட்டத்தில்தான் வாழ்ந்தார். நாகர்கோவிலில், ராஜம்மாள் என்ற பெயரில், தான் யார் என்பதை வெளியே சொல்லாமல் வாழ்ந்து மறைந்தார்.

ஒரு மொழியின் முதல் படத்தை எடுத்தவரும் அதில் நாயகியாக நடித்தவரும் ஒரே மாவட்டத்தில், ஒரு பேருந்துப் பயணத் தூரத்தில் இருந்திருக்கிறார்கள். இருவரையும் நீண்ட காலம் யாரும் தேடவில்லை. டேனியலைப் பற்றிப் பேசும்போது ரோசியை ஒரு துணைக்கதையாக மட்டும் சொல்லிவிட்டுப் போகிற வழக்கம் இன்னும் இருக்கிறது. அந்த வழக்கத்தை நாம் கேள்வி கேட்க வேண்டும். அதற்கு டேனியலின் கதையையும் முழுதாகப் பார்க்க வேண்டும்.

நிலம் விற்று எடுத்த படம்

டேனியல் வசதியான நாடார் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். தந்தை மருத்துவர். திருவனந்தபுரம் மகாராஜா கல்லூரியில் படித்தவர். அவருக்கு முதலில் இருந்த ஆர்வம் சினிமா அல்ல. சிலம்பமும் வாள்வீச்சும் களரியும்தான். இந்திய வாள்வீச்சுக் கலை குறித்து 1915-ல் ஆங்கிலத்தில் ஒரு புத்தகமே எழுதி வெளியிட்டார். இந்தக் கலையை நாலு பேருக்குக் கொண்டுசேர்க்க என்ன வழி என்று யோசித்தபோதுதான் அவருக்குத் திரைப்படம் கண்ணில் பட்டது.

அன்று கேரளத்தில் படம் எடுக்க ஒரு கூடாரம்கூட இல்லை. சென்னையில் நடராஜ முதலியார் தொடங்கிவைத்த ஊமைப்படத் தொழில் மெல்ல வளர்ந்துகொண்டிருந்தது. டேனியல் முதலில் சென்னைக்குப் போனார். அங்கிருந்த ஸ்டுடியோக்களில் அவரை உள்ளே விடவில்லை. பிறகு பம்பாய் போனார். நான் ஓர் ஆசிரியர், மாணவர்களுக்குச் சினிமா பற்றிச் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்று சொல்லி உள்ளே நுழைந்து தொழிலைக் கற்றுக்கொண்டார் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். சொந்த நிலத்தை விற்றுப் பணம் திரட்டி, கருவிகள் வாங்கி, 1926-ல் திருவனந்தபுரம் பட்டம் பகுதியில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். கேரள மண்ணின் முதல் திரைப்பட ஸ்டுடியோ அதுதான்.

அங்கே எடுக்கப்பட்ட படம் ‘விகதகுமாரன்’. காணாமல்போன மகன் என்று பொருள் கொள்ளலாம். கதை, இயக்கம், தயாரிப்பு என்று எல்லாவற்றையும் டேனியலே தலையில் சுமந்தார். நாயகனாகவும் நடித்தார். சிறுவனாக நடித்தவர் அவருடைய மகன். திருவிதாங்கூரின் பணக்கார வீட்டுப் பையனை ஒருவன் இலங்கைக்குக் கடத்திக்கொண்டு போய்விடுகிறான். அவன் எப்படித் திரும்பக் கிடைக்கிறான் என்பது கதை. நாடெங்கும் அரிச்சந்திரனும் கீசகனும் கிருஷ்ணனும் திரையில் ஓடிய காலம் அது. புராணத்தை விட்டுவிட்டு, சமகாலக் குடும்பம் ஒன்றின் கதையைத் தேர்ந்தெடுத்ததே துணிச்சல்தான்.

அதைவிடப் பெரிய துணிச்சல், கதையில் வரும் சரோஜினி என்ற நாயர் பெண் வேடத்துக்கு அவர் தேர்ந்தெடுத்த ஆள்.

கூலிக்காரப் பெண் நாயகியானார்

ஊமைப்படக் காலத்தில் நடிக்கப் பெண்கள் கிடைப்பது அரிது. பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் தாராமதியாக நடித்தவரே ஓர் ஆண்தான். ‘நல்ல குடும்பத்துப்’ பெண்கள் காமிரா முன் நிற்பது இழுக்கு என்று கருதப்பட்டதால், நாயகி வேடங்கள் பெரும்பாலும் ஆங்கிலோ இந்தியப் பெண்களுக்கும் யூதப் பெண்களுக்கும் போயின. டேனியலும் முதலில் பம்பாயிலிருந்து ஆங்கிலோ இந்தியப் பெண் ஒருவரைத்தான் வரவழைத்தார். அது சரிப்பட்டு வரவில்லை. அதன் பிறகே ரோசி வந்தார்.

ரோசி 1903-ல் திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் புலையர் குடும்பத்தில் பிறந்தவர். கூலி வேலை செய்தவர். தமிழும் மலையாளமும் கலந்து பேசி ஆடும் காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். சிவனும் பார்வதியும் குறவர்களாக ஊருக்குள் வந்து, ஊர்ப் பெரியவரோடு வாக்குவாதம் செய்யும் நாடகம் அது. தென் திருவிதாங்கூரின் உழைக்கும் மக்கள் வளர்த்த கலை. ஆக, நடிப்பு ரோசிக்கு டேனியல் போட்ட பிச்சை அல்ல. அவர் ஏற்கெனவே நடிகை. படப்பிடிப்புக்கு மதியச் சோற்றைக் கையோடு கொண்டுவந்து நடித்துவிட்டு, மாலையில் கூலி வேலைக்குத் திரும்பிப் போவார் என்று சொல்லப்படுகிறது. ஸ்டுடியோவில் சரோஜினி, வெளியே வந்தால் பழையபடி கூலிக்காரப் பெண்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். பேசும் படமாக இருந்திருந்தால் நாயர் வீட்டுப் பேச்சு வழக்கைப் பற்றிய கேள்வி எழுந்திருக்கும். ஊமைப்படத்தில் அந்தக் கேள்வியே இல்லை. முகமும் உடம்பும் உடுப்பும் நகையும் மட்டும்தான் திரையில் பேசும். கசவு முண்டும் நகையும் அணிந்து, தலையில் பூ வைத்து நின்றால் ரோசி சரோஜினிதான். ஒரு புலையர் பெண்ணுக்கும் நாயர் பெண்ணுக்கும் நடுவில் இருப்பது ஓர் உடுப்பின் தூரம்தான் என்று அந்தத் திரை காட்டிவிட்டது. அதைத்தான் அன்றைய மேல்சாதியினரால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை.

உடுப்புக்காக நடந்த போர்

நம் மாவட்டத்து வாசகர்களுக்கு இது புதிதாக இருக்காது. தோள்சீலைப் போராட்டம் நடந்த மண் இது. திருவிதாங்கூரில் யார் என்ன உடுத்த வேண்டும், எங்கே நிற்க வேண்டும், எவ்வளவு தள்ளி நடக்க வேண்டும் என்பதையெல்லாம் சாதி தீர்மானித்தது. மார்பை மறைக்கும் உரிமைக்காக நாடார் பெண்கள் பல பத்தாண்டுகள் போராடினார்கள். 1859-ல் அரசு ஓர் ஆணை வெளியிட்டது. நாடார் பெண்கள் மார்பை மறைத்துக்கொள்ளலாம் என்று அனுமதித்த அந்த ஆணையிலேயே ஒரு நிபந்தனையும் இருந்தது: மேல்சாதிப் பெண்கள் உடுத்துவதைப் போல மட்டும் உடுத்தக் கூடாது. மானத்தை மறைத்துக்கொள், ஆனால் எங்களைப் போலத் தோன்றாதே என்பதுதான் அதன் பொருள்.

புலையர் பெண்களின் நிலைமை இன்னும் மோசம். கல்லும் கண்ணாடிச் சில்லும் கோத்த மாலையைத்தான் அவர்கள் கழுத்தில் அணிய வேண்டும். அது அடிமைத்தனத்தின் அடையாளம். 1893-ல் வில்வண்டியில் ஏறிப் பொதுச்சாலையில் ஓட்டிக் காட்டிய அய்யன்காளி, 1907-ல் சாது ஜன பரிபாலன சங்கத்தைத் தொடங்கினார். 1915-ல் கொல்லம் பகுதியில், அவர் முன்னிலையில் ஆயிரக்கணக்கான பெண்கள் அந்தக் கல்மாலைகளை அறுத்து எறிந்தார்கள்.

கல்மாலையை அறுத்தெறிந்து பதினைந்து ஆண்டுகள்கூட ஆகியிருக்கவில்லை, அதே புலையர் சமூகத்துப் பெண்ணொருவர் நாயர் பெண்ணின் உடுப்பில் திரையில் தோன்றினார். மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்று ஒரு காலத்தில் தடுக்கப்பட்ட நாடார் சமூகத்தின் மகன் ஒருவர்தான் அந்த உடுப்பை அவருக்குக் கொடுத்தார். தெரிந்து செய்தாரோ தெரியாமல் செய்தாரோ, டேனியலின் காமிரா திருவிதாங்கூரின் உடுப்புச் சட்டத்தை மீறிவிட்டது. கோயில் நுழைவுப் பிரகடனம் வந்ததே 1936-ல்தான். அதற்கும் முன்பு நடந்த மீறல் இது.

கேபிட்டல் தியேட்டரில் விழுந்த கல்

திருவனந்தபுரம் கேபிட்டல் தியேட்டரில் ‘விகதகுமாரன்’ திரையிடப்பட்டது. அந்த நாள் 1928 நவம்பர் 7 என்று நீண்ட காலம் எழுதி வந்தார்கள். பின்னர் வந்த ஆய்வாளர்கள் 1930 அக்டோபர் 23 என்கிறார்கள். ஒரு மொழியின் முதல் படத்துக்குத் தேதியே இரண்டாக இருப்பது, அந்தப் படத்தை எவ்வளவு அலட்சியமாக விட்டுவிட்டார்கள் என்பதற்குச் சாட்சி.

அழைக்கப்பட்ட பிரமுகர்கள், ரோசி உள்ளே வந்தால் நாங்கள் வர மாட்டோம் என்றார்கள். தான் நாயகியாக நடித்த படத்தின் முதல் காட்சியில் ரோசிக்கு இடம் இல்லை. இதில் டேனியலையும் நாம் விட்டுவிட முடியாது. நிலத்தை விற்றுப் போட்ட பணம் அந்தத் திரையில் இருந்தது. பிரமுகர்கள் இல்லாமல் படம் ஓடாது என்ற கணக்கும் இருந்திருக்கும். ஆனால் காமிரா முன்னால் ரோசியை நிறுத்தத் துணிந்தவர், கொட்டகைக்குள் அவரை உட்கார வைக்கத் துணியவில்லை. நம் ஆதரவாளர்கள் பலருடைய துணிச்சல் இன்றும் இந்த இடத்தில்தான் நின்றுபோகிறது.

ரோசியை வெளியே நிறுத்தியும் கலவரம் நிற்கவில்லை. நாயர் பெண்ணாக ஒரு புலையர் பெண் திரையில் வந்ததைக் கண்டதும் கூட்டம் கூச்சலிட்டது. ரோசியின் தலையில் இருக்கும் பூவை நாயகன் முத்தமிடும் காட்சியில் கற்கள் பறந்தன. திரை கிழிந்தது. கொட்டகையோடு அந்த ஆத்திரம் அடங்கவில்லை. ரோசியின் குடிசைக்குத் தீ வைத்தார்கள். உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு, ஒரு லாரியில் ஏறித் தப்பினார். அந்த லாரி நாகர்கோவிலுக்கு வந்தது. லாரியை ஓட்டிய கேசவ பிள்ளையையே பின்னர் மணந்துகொண்டார். ரோசி என்ற பெயரும் நடிப்பும் திருவனந்தபுரத்தோடு போயின.

இன்றாக இருந்தால், பட்டியல் சாதியினர் குடியிருக்கும் வீட்டைத் தீ வைத்து அழிப்பதும், ஊரை விட்டு ஓடச் செய்வதும் 1989-ன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் குற்றங்கள். குடியிருக்கும் வீட்டை எரித்து அழித்தால் ஆயுள் தண்டனை உண்டு. அன்று கல் எறிந்தவர்களும் தீ வைத்தவர்களும் பெயரில்லாமல் வரலாற்றிலிருந்து நழுவிவிட்டார்கள். பெயரைத் தொலைத்தது பாதிக்கப்பட்ட பெண்தான்.

இரண்டு இழப்புகள், ஒரே அளவல்ல

படம் ஆலப்புழையில் ஓடியது. துறைமுக ஊரான அங்கே ரசிகர்கள் அதை நன்றாகவே வரவேற்றார்கள். கொல்லம், திருச்சூர், தலச்சேரி, நாகர்கோவில் ஆகிய ஊர்களிலும் திரையிடப்பட்டது. ஆனால் போட்ட பணம் திரும்பவில்லை. டேனியல் கருவிகளை விற்றார்; ஸ்டுடியோ மூடப்பட்டது. பிழைப்புக்காகப் பாளையங்கோட்டையில் பல் மருத்துவராக வேலை பார்த்தார். பின்னர் நடிகர் பி.யு.சின்னப்பாவின் பேச்சை நம்பி மறுபடியும் படத் தொழிலில் இறங்கி, மிச்சமிருந்ததையும் இழந்தார் என்பது அவரது வாழ்க்கை வரலாறு சொல்லும் செய்தி. வெறுங்கையோடு அகஸ்தீஸ்வரம் திரும்பினார். இருந்த படச்சுருளையும், சிறு பிள்ளையாக இருந்த இளைய மகன் விளையாட்டாக நெருப்பில் போட்டுவிட்டதாகச் சொல்வார்கள். ‘விகதகுமாரன்’ படத்தின் பிரதி எதுவும் இன்று இல்லை.

இதோடு இன்னொரு படத்தை ஒப்பிட்டுப் பார்க்கலாம். டேனியலின் உறவினரான நாகர்கோவில் ஆர்.சுந்தர்ராஜ் 1933-ல் ‘மார்த்தாண்ட வர்மா’ எடுத்தார். சி.வி.ராமன் பிள்ளையின் நாவலை வைத்து எடுக்கப்பட்டது. அதே கேபிட்டல் தியேட்டரில் வெளியானது. நாவலின் பதிப்பாளர் உரிமை வழக்குத் தொடுத்ததால் படச்சுருள் பறிமுதல் ஆனது. பறிமுதல் ஆனதாலேயே பத்திரமாக இருந்தது; இன்று புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. வழக்கில் சிக்கிய அரச கதை பிழைத்துக்கொண்டது. ரோசி நடித்த கதை சாம்பலானது.

1960-களில் பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் தேடி வந்து கண்டுபிடிக்கும் வரை டேனியல் யார் நினைவிலும் இல்லை. நலிந்த கலைஞர்களுக்கான ஓய்வூதியம் கேட்டபோது, நீங்கள் தமிழ்நாட்டுக்காரர், அங்கே கேளுங்கள் என்று கேரளத்தில் கைவிரித்தார்கள். 1956 நவம்பர் 1-ல் எல்லைக்கோடு மாறியது. அவர் பிறந்த ஊர் தமிழ்நாட்டில் சேர்ந்தது. அவர் படமெடுத்தது திருவிதாங்கூரில். இரண்டு மாநிலங்களுக்கு நடுவில் அந்த மனிதர் விழுந்துபோனார். அவர் இறந்து 17 ஆண்டுகள் கழித்துத்தான் விருதுக்கு அவர் பெயர் கிடைத்தது.

டேனியல் இழந்தது பெரிய இழப்புதான். சொத்து போனது, தொழில் போனது, மரியாதை போனது. ஆனால் அவருக்குப் பெயர் மிஞ்சியது. டேனியல் என்ற பெயரிலேயே அவர் வாழ்ந்தார், இறந்தார், பின்னர் கொண்டாடப்பட்டார். ரோசிக்கு அந்த வாய்ப்பும் இல்லை. தன் பெயரை, தன் கலையை, தன் சமூகத்தை மறைத்தால்தான் உயிர் வாழ முடியும் என்ற நிலை. அவருடைய பிள்ளைகள் தந்தையின் நாயர் அடையாளத்தோடு வளர்ந்தார்கள். தாயின் பழைய வாழ்வைப் பற்றி அவர்களுக்குத் தெரிந்தது மிகக் குறைவு. திரையில் நாயர் பெண்ணாகத் தோன்றியதற்காகத் துரத்தப்பட்டவர், எஞ்சிய வாழ்நாளை ஒரு நாயர் வீட்டு மனைவியாகக் கழித்தார். சாதி கொடுத்த தண்டனையில் இதைவிடக் கொடிய பகுதி வேறு இல்லை.

அவரைத் தேடியவர் யார்?

டேனியலைத் தேடிப் பத்திரிகையாளர் வந்தார். ரோசியைத் தேடியவர் யார்? குன்னுகுழி எஸ்.மணி என்ற தலித் எழுத்தாளர். அய்யன்காளியின் வாழ்க்கை வரலாற்றை எழுதியவர்களில் ஒருவர். 1960-களின் இறுதியில் தேடத் தொடங்கி, 1971-ல் ரோசியைப் பற்றிய கட்டுரையை வெளியிட்டார். நம்மவர்களை நாம்தான் தேட வேண்டியிருக்கிறது என்பதற்கு இது இன்னுமொரு சான்று.

பின்னர் வினு ஆபிரகாம் ரோசியைப் பற்றி ‘நஷ்ட நாயிகா’ நாவலை எழுதினார். அந்த நாவலையும் சேலங்காட்டு எழுதிய வரலாற்றையும் அடிப்படையாகக் கொண்டு, கமல் இயக்கத்தில் 2013-ல் ‘செல்லுலாய்டு’ படம் வந்தது. பிருத்விராஜ் டேனியலாக நடித்தார். விருதுகள் பல கிடைத்தன. அந்தப் படம் ரோசியின் பெயரைப் பரவலாகக் கொண்டுசேர்த்தது, மறுப்பதற்கில்லை. ஆனால் தலித் பெண்ணிய எழுத்தாளர்கள் அப்போதே ஒரு கேள்வி கேட்டார்கள். நாடக மேடையில் ஆடிப் பழகிய ஒரு கலைஞரை, எதைக் கண்டாலும் மிரளும் அப்பாவிப் பெண்ணாக ஏன் காட்ட வேண்டும்? அதைவிட முக்கியமான கேள்வி: இன்றைய மலையாள சினிமாவில் ஒரு தலித் பெண் நாயகியாக நடிக்க முடிகிறதா? இந்தக் கேள்வியைத் தமிழ் சினிமாவை நோக்கியும் நாம் கேட்கலாம். தலித் கதை சொல்லும் படங்கள் வந்திருக்கின்றன, மகிழ்ச்சி. அந்தப் படங்களிலும் நாயகியாக வருகிறவர் யார் என்று பார்த்தால் போதும், ரோசிக்கு விழுந்த கல் இன்னும் தரையில்தான் கிடக்கிறது என்பது புரியும்.

கேரளத்தின் சினிமா பெண் கலைஞர்கள் கூட்டமைப்பு 2019-ல் தன் திரைப்படச் சங்கத்துக்குப் பி.கே.ரோசி பெயரை வைத்தது. 2023 பிப்ரவரி 10 அன்று, அவருடைய பிறந்தநாளில், கூகுள் தன் முகப்பில் அவரது சித்திரத்தை வைத்தது. சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் தலித் வரலாற்று மாதமான ஏப்ரலில் பி.கே.ரோசி பெயரில் திரைப்பட விழா நடத்தி வருகிறது. திருவனந்தபுரத்திலும் சென்னையிலும் உலகம் முழுவதிலும் ஒலிக்கிற அந்தப் பெயர், அவர் வாழ்ந்த நாகர்கோவிலில் உரக்க ஒலிக்க வேண்டாமா?

நாம் செய்யக்கூடியவை

கலைவாணருக்குச் சிலை வைத்துப் பெருமைப்படும் ஊர் நாகர்கோவில். அந்த ஊரில் ரோசிக்கும் ஒரு நினைவிடம் அமைய வேண்டும் என்று மாவட்ட நிர்வாகத்தையும் மாநகராட்சியையும் கேட்டுக்கொள்கிறோம். அகஸ்தீஸ்வரத்தில் டேனியலின் நினைவையும் அதோடு இணைத்துப் போற்றலாம். ஒருவரை உயர்த்த இன்னொருவரைத் தாழ்த்த வேண்டியதில்லை. ஆனால் டேனியலின் பெயர் வரும் கல்வெட்டில் ரோசியின் பெயரும் அதே அளவு எழுத்தில் வர வேண்டும்.

மாவட்டத்துக் கல்லூரிகளின் தமிழ்த் துறைகளுக்கும் ஒரு வேண்டுகோள். காக்காரிசி நாடகம் ஆடியவர்கள், பார்த்தவர்கள் எல்லைப்புற ஊர்களில் இன்னும் இருக்கிறார்கள். அவர்களிடம் மாணவர்களை அனுப்புங்கள். குரலைப் பதிவு செய்யுங்கள். ஒரு பெண்ணை நடிகையாக்கிய கலை அது. அதுவும் படச்சுருளைப் போலச் சாம்பலாகிவிடக் கூடாது.

தலித் இயக்கத் தோழர்கள் ஒவ்வோர் ஆண்டும் பிப்ரவரி 10-ஐ நம் குடியிருப்புகளில் நினைவுகூரலாம். ஒரு திரை, ஒரு புரஜெக்டர், நாலு வரி அறிமுகம் போதும். நம் பிள்ளைகள் நடித்த குறும்படத்தையே போடலாம். முன்வரிசை நாற்காலியில் நம் வீட்டுப் பெண்கள் உட்கார்ந்து பார்க்கட்டும். கேபிட்டல் தியேட்டரில் ரோசிக்கு மறுக்கப்பட்டது அந்த நாற்காலிதான்.